வகை அறியப்படாத பொரித்த பண்டம்

உரிமம் மறுக்கப்பட்ட கடிதம் ஒரே பக்கம்தான். மெய்ராம் அதை மூன்று முறை படித்தான். முதல் முறை கோபம் வரவில்லை. இரண்டாம் முறையும் வரவில்லை. எட்டு மாதமாக அவனுக்கு எதுவும் வருவதில்லை. மூன்றாம் முறை படிக்கும்போதுதான் ஒரு வரியில் கண் நின்றது.

'14ஆம் தேதி வெள்ளிக்கிழமை காலை 11.40 மணிக்கு, மேற்படி வீட்டின் தெருப்பக்க ஜன்னல் வழியாக, வகை அறியப்படாத பொரித்த பண்டம் ஏழு நபர்களுக்கு வழங்கப்பட்டது. எனவே விண்ணப்பதாரர் உரிமம் பெறும் முன்பே உணவகம் நடத்தியது உறுதியாகிறது.'

மெய்ராம் எந்த உணவகமும் நடத்தவில்லை. ஒரு தேநீர்கூட விற்கவில்லை. வேறு வீட்டுக் கடிதம் தவறி வந்திருக்கும் என்று நினைத்து உறையைத் திருப்பிப் பார்த்தான். அவன் பெயர்தான். அவன் தெருதான்.

கீழே ஓர் உத்தரவும் இருந்தது. பத்து நாளுக்குள் ஜன்னலைச் செங்கல் வைத்து அடைத்து, சுவரைப் பழையபடி ஆக்க வேண்டும். ஆட்சேபம் இருந்தால் அதே பத்து நாளுக்குள் மேல்முறையீடு செய்யலாம்.

அந்த ஜன்னல் அவன் மனைவி ரௌஷான் வெட்டச் சொன்னது. ஸ்டேஷனில் ரயில்கள் இருபது நிமிடம் நிற்கும். நடைமேடையிலிருந்து இந்த வீட்டுக்கு நடக்க நான்கு நிமிடம், திரும்ப நான்கு. மிச்சம் பன்னிரண்டு நிமிடத்தில் ஒரு மனிதன் சூடாக என்னவெல்லாம் சாப்பிட முடியும் என்று அவள் ஒரு வாரம் கணக்குப் போட்டாள். மெய்ராமைச் சூட்கேஸோடு நடக்கவிட்டு, கையில் கடிகாரத்தோடு வாசலில் நின்றாள். ஜன்னல் விளிம்பு எவ்வளவு உயரம் என்பதை முழங்கையை மடக்கிச் சுவரில் வைத்துக் காட்டினாள். நின்றபடி தேநீர்க் கிண்ணத்தை வைக்க அதுதான் சரி என்றாள். பிப்ரவரிக் குளிரில் சுவரை வெட்டினார்கள். மார்ச்சில் ஒரு காலை தலைவலி என்றாள். மாலையில் அவளே இல்லை.

அவள் பெயரில் கொடுத்திருந்த விண்ணப்பம் செல்லாது என்றார்கள். மெய்ராம் தன் பெயரில் புதிதாகக் கொடுத்தான். அவன் நில அளவை படித்தவன். ரயில்வே அலுவலகத்தில் வரைபடம் சரிபார்க்கும் வேலை. சமையல்காரர் என்ற இடத்தில் பக்கத்து வீட்டுக் கூல்பாரத்தின் பெயரை எழுதினான். அவள் இருபத்தாறு வருடம் பள்ளிக்கூடச் சாப்பாட்டுக்கூடத்தில் சமைத்தவள். பள்ளிக்கூடம் அந்த வேலையை வெளியாருக்குக் கொடுத்துவிட்டதால் இப்போது வீட்டில் புருஷனைத் திட்டிக்கொண்டிருந்தாள்.

மெய்ராம் கடிதத்தோடு அவள் வீட்டுக்குப் போனான்.

"என்ன பண்டம்னு போட்டிருக்கான்? இன்னொரு தடவை படி."

"வகை அறியப்படாத பொரித்த பண்டம்."

"தேதி?"

"பதினாலு. வெள்ளிக்கிழமை."

கூல்பாரம் நாற்காலியைத் தேடி உட்கார்ந்தாள். அவள் தோள் குலுங்கியது. அழுகிறாளோ என்று பார்த்தான். சிரித்துக்கொண்டிருந்தாள்.

"டேய், அது நீ சுட்ட ஷெல்பெக்குடா!"

மெய்ராம் கடிதத்தை மறுபடி பார்த்தான். ரௌஷான் போன நாற்பதாம் நாளிலிருந்து ஒவ்வொரு வெள்ளிக்கிழமையும் ஏழு ஷெல்பெக் சுடுகிறான். மாவை மெல்லிய ரொட்டியாகத் தேய்த்து எண்ணெயில் போட்டால் அந்த மணம் போனவர்களிடம் போய்ச் சேரும். சுட்டதை அக்கம்பக்கத்தில் கொடுக்க வேண்டும். வாங்கியவர்கள் கை ஏந்தி வேண்டிக்கொண்டு சாப்பிடுவார்கள். எல்லா வீட்டிலும் நடப்பதுதான். பெரிய அடுப்பு ஜன்னல் அறையில் இருந்ததால் அவன் அங்கே நின்று சுட்டான்.

"ஷெல்பெக்கை யாருக்குக்கா தெரியாது?"

"ஷெல்பெக் எல்லாருக்கும் தெரியும். நீ சுட்டது யாருக்கும் தெரியாது. என் வீட்டுக்காரர் அதை வாயில வெச்சிக்கிட்டு, 'இதைக் கடிக்கணுமா, ஊற வெக்கணுமா'ன்னு என்னைக் கேக்கறார்."

"அவ்வளவு மோசமா? இத்தனை மாசமா யாரும் சொல்லலியே."

"போனவங்களுக்குச் சுட்டதை எப்படிடா குறை சொல்றது? முழுங்கினோம்." அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். "அந்த இன்ஸ்பெக்டரைச் சொல்லிக் குத்தமில்ல. ஷெல்பெக் சுடறது பொம்பளைங்க. ஒரு ஆம்பளை தெருவைப் பாத்த ஜன்னல்ல நின்னு, தடி தடியா எதையோ பொரிச்சு, வர்றவன் போறவனுக்கெல்லாம் நீட்டறான். கடைக்கு ஆள் பிடிக்கறான்னுதானே நினைப்பான்? நான் சுட்டுத் தரேன்னு எத்தனை தடவை சொன்னேன். நானேன்னு நின்னே."

மெய்ராம் கடிதத்தில் அந்த வரி மேல் விரல் வைத்தான். அவன் மனதில் வேறொன்று ஓடிக்கொண்டிருந்தது.

"ஏழு பேர்னு போட்டிருக்கான்."

"ஏழு சுட்டா ஏழு பேர்தானே?"

"யார் யாருன்னு எண்ணிப் பாருக்கா. உங்க வீட்டுக்காரர். பஸ் டிரைவர் ரெண்டு பேர். பூ விக்கற அம்மா. ஸ்டேஷன் பெருக்கறவர். லீவுல வந்த பட்டாளத்துப் பையன். ஆறு. ஏழாவது யாரு?"

"நீ சாப்பிட்டிருப்பே."

"இல்ல."

"ஆமா, சாப்பிட்டிருந்தா ஆஸ்பத்திரியிலல்ல இருந்திருப்பே." பிறகு அவன் முகத்தைக் கூர்ந்து பார்த்தாள். "ஏண்டா, ஜன்னலையே அடைக்கச் சொல்றான். அதை விட்டுட்டு ஏழாவது ஆளை எதுக்குத் தேடறே?"

எதற்கென்று அவனுக்குத் தெரியவில்லை. தெரிந்துகொள்ள வேண்டும் என்று மட்டும் இருந்தது. மார்ச்சுக்குப் பிறகு எதையும் தெரிந்துகொள்ள வேண்டும் என்று அவனுக்குத் தோன்றியதே இல்லை.

மறுநாள் நகர நிர்வாக அலுவலகத்துக்குப் போய் மேல்முறையீட்டு மனுவைக் கொடுத்தான். கூடவே கோப்பைப் பார்க்க வேண்டும் என்றான். மனு வாங்கும் பெண்ணின் பெயர் ஆயிம். கையில் சூரியகாந்தி விதை வைத்திருந்தாள். மூத்த ஆண்களை எல்லோரையும்போல அகா என்றுதான் அழைத்தாள்.

"கோப்பைப் பாக்க தனி மனு எழுதணும் அகா."

எழுதினான்.

"இதுல காரணம் எழுதலியே."

'ஏழாவது நபர் யார் என்று அறிய' என்று எழுதினான். அவள் அதைப் படித்துவிட்டு அவனை ஒரு தடவை பார்த்தாள். பிறகு விதையை மேசை இழுப்பறையில் போட்டுவிட்டுக் கோப்பை எடுத்து வந்தாள்.

ஆய்வுக் குறிப்பு கையால் எழுதப்பட்டிருந்தது. சுத்தமான எழுத்து. ஒவ்வொரு பத்தியும் நிரப்பப்பட்டிருந்தது. அடுப்பு: உள்ளது. எண்ணெய்: சூடான நிலையில். பண்டம்: வகை அறியப்படாதது, வட்ட வடிவம், ஏறக்குறைய ஒன்றரை சென்டிமீட்டர் தடிமன். பெற்றவர்கள்: ஏழு. விலை என்ற பத்தியில் ஒரு கோடு மட்டும். கீழே கையெழுத்து, துலேகென். கையெழுத்துக்குப் பக்கத்தில் காகிதம் ஓரிடத்தில் ஒளி ஊடுருவுவதுபோல இருந்தது. ஒரு கட்டைவிரல் அளவு.

மெய்ராம் காகிதத்தை வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்தான். ரேகைகூடத் தெரிந்தது. மூக்கருகே கொண்டுபோனான்.

"அகா, கோப்பை மோந்து பாக்கறதுக்கு அனுமதி கிடையாது."

"இது எண்ணெய்."

"எங்க கோப்பு எல்லாத்துலயும் ஏதாவது இருக்கும். நேத்து ஒண்ணுல மீன் எலும்பு."

"இது என் எண்ணெய்ம்மா."

அப்போது அவனுக்கு ஒரு கை நினைவுக்கு வந்தது. ஜன்னல் வழியாக உள்ளே நீண்ட கை. சாம்பல் நிறக் கோட்டின் கை விளிம்பு, அக்குளில் காகிதங்கள் வைக்கும் தோல் உறை. கடைசி ரொட்டி சல்லடையில் வடிந்துகொண்டிருந்தது. அதை எடுத்து அந்தக் கையில் வைத்தான். மேலே பார்க்கவில்லை. அந்த மாதங்களில் அவன் யாருடைய முகத்தையும் பார்க்கவில்லை. கைகளை மட்டும்தான் பார்த்தான்; மற்ற ஆறும் தெரிந்த கைகள்.

ஆயிம் எட்டிக் கோப்பைப் பார்த்தாள். விலைப் பத்தியில் விரல் வைத்தாள்.

"வித்தாத்தான் கடை. இங்க கோடு போட்டிருக்கார். ஆனா ஜாக்கிரதை அகா. ஆய்வாளர் காசு கொடுத்து வாங்கிப் பாத்தேன்னு விசாரணையில வாயால சொன்னாப் போதும், அது விற்பனைதான். அப்புறம் ஒண்ணும் பண்ண முடியாது."

"அவர் காசு கொடுக்கல."

"உங்களுக்குத் தெரியும். எனக்கு எப்படித் தெரியும்?" அவள் இழுப்பறையிலிருந்து விதையை எடுத்தாள். "நான் ஒண்ணும் சொல்லல."

விசாரணை புதன்கிழமை காலை. நீள மேசை, குழுவில் நான்கு பேர். நடுவில் தலைவி ரிம்மா காதிரோவ்னா. மூக்குக்கண்ணாடிக்கு மேலே இன்னொரு மூக்குக்கண்ணாடியை நெற்றியில் ஏற்றியிருந்தாள். ஓரத்தில் துறையின் வழக்கறிஞர், இளைஞர், கழுத்தை இறுக்கிய டை. அவருக்குப் பக்கத்தில் சாம்பல் நிறக் கோட்டில் துலேகென். ஐம்பத்தைந்து வயது இருக்கும். தொங்கு மீசை. தோல் உறையை மடியில் வைத்து இரண்டு கையாலும் பிடித்திருந்தார். மெய்ராம் முதல் காரியமாக அந்தக் கைகளைப் பார்த்தான். அவைதான். பிறகு முகத்தைப் பார்த்தான்.

கூல்பாரம் பின் வரிசையில் உட்கார்ந்திருந்தாள். சமையல்காரர் என்ற முறையில் வர உரிமை உண்டு என்று வாசலில் சண்டை போட்டுவிட்டு வந்திருந்தாள்.

ரிம்மா காதிரோவ்னா கோப்பைப் படித்தாள். "விண்ணப்பதாரர் சுருக்கமா சொல்லணும். பதினோரு மணிக்கு இன்னொரு வழக்கு இருக்கு."

"ஒரே ஒரு கேள்விதான்," என்றான் மெய்ராம். "குறிப்புல ஏழு பேர்னு இருக்கு. ஆறு பேர் யாருன்னு எனக்குத் தெரியும். ஏழாவது ஆய்வாளரா?"

எல்லோரும் துலேகெனைப் பார்த்தார்கள்.

"ஆமா," என்றார் அவர். "நான்தான்."

"நீங்களே சாப்பிட்டீங்களா?" தலைவி நெற்றிக் கண்ணாடியைக் கீழே இறக்கினாள்.

"நிறுத்துன்னு ஒரு கையை நீட்டிக்கிட்டு, இன்னொரு கையால அடையாள அட்டையைத் தேடினேன். அட்டை வெளிய வர்றதுக்குள்ள இவர் கையில ரொட்டியை வெச்சிட்டுத் திரும்பிட்டார். கைக்கு வந்த ரொட்டியைக் கீழ போடவா முடியும்? சாப்பிட்டேன். எண்ணும்போது ஏழு பேர் கையில இருந்துது. ஒண்ணு என் கை. ஆறுன்னு எழுதினா பொய்யில்லையா?"

பின் வரிசையில் யாரோ கனைத்தார்கள். கூல்பாரமாகத்தான் இருக்கும்.

வழக்கறிஞர் பேனாவை மேசையில் தட்டினார். "இது நமக்கு நல்லதுதான். ஆய்வாளர் வாங்கிப் பாத்திருக்கார். விதிமுறையிலயே இருக்கு. துலேகென் அகா, காசு கொடுத்திருப்பீங்கதானே? விலைப் பத்தியில எழுத மறந்துட்டீங்க. அவ்வளவுதான் விஷயம்."

ஹீட்டர் குழாயில் தண்ணீர் ஓடும் ஓசை கேட்டது. மெய்ராம் புரிந்துகொண்டான். ஒரு 'ஆமா' போதும். செங்கல் வந்துவிடும். இல்லை என்றால் குறிப்பே தவறு என்றாகும். அதற்கு இந்த மனிதர் மேலிடத்தில் பதில் சொல்ல வேண்டியிருக்கும். அவருக்கு எது லேசு என்பது மேசையில் எல்லோருக்கும் தெரிந்திருந்தது.

துலேகென் வழக்கறிஞரைப் பார்க்கவில்லை. மெய்ராம் பக்கம் திரும்பினார்.

"அந்தச் சமையல்கார அம்மா வாசல்ல ஏதோ சொல்லிக்கிட்டு இருந்தாங்க. அது ஷெல்பெக்கா?"

"ஆமா."

"நெஜமாவா?"

"ஆமா அகா."

"ஒன்றரை சென்டிமீட்டர்! அளந்து எழுதினேனே. ஷெல்பெக்னா அந்தப் பக்கம் வெளிச்சம் தெரியணும்யா."

"நான்தான் தேய்ச்சேன்."

"வீட்ல பொம்பளைங்க…" என்று ஆரம்பித்தவர் நிறுத்திக்கொண்டார். உறையை மடியிலிருந்து எடுத்து மேசை மேல் வைத்தார். "நான் வேண்டிக்கிட்டுத்தான் சாப்பிட்டேன். ரொட்டி கைக்கு வந்தா வேண்டிக்கணுமில்ல, பழக்கம். ஆனா போனவங்களுக்குன்னு தெரியாது. பேர் கேக்கல. பேரே தெரியாம சாப்பிட்டுட்டுப் போயிருக்கேன். யார் பேர்ல கொடுத்தே?"

மெய்ராம் வாயைத் திறந்தான். உடனே வரவில்லை. எட்டு மாதமாக எல்லா அலுவலகத்திலும் 'மனைவி' என்று சொல்லியிருக்கிறான். 'இறந்தவர்' என்று எழுதியிருக்கிறான். 'முந்தைய விண்ணப்பதாரர்' என்று இதே அலுவலகத்தில் கையெழுத்துப் போட்டிருக்கிறான்.

"ரௌஷான்," என்றான். நினைத்ததைவிடச் சத்தமாக வந்துவிட்டது.

துலேகென் இரண்டு உள்ளங்கையையும் மேல்நோக்கி விரித்தார். ரிம்மா காதிரோவ்னா இரண்டு கண்ணாடிகளையும் கழற்றி வைத்துவிட்டுக் கையை விரித்தாள். குழுவின் மற்ற மூவரும் விரித்தார்கள். வழக்கறிஞர் ஒரு கணம் தயங்கிவிட்டு, பேனா விரலிடுக்கில் இருக்க, அவரும் விரித்தார். துலேகென் மெல்லிய குரலில் சில வார்த்தைகள் சொன்னார். அந்தப் பெயரையும் சொன்னார். எல்லோரும் முகத்தைத் தடவிக்கொண்டார்கள். அரை நிமிடம்கூட ஆகியிருக்காது.

"காசு கொடுக்கல," என்றார் துலேகென். "யாரும் கொடுக்கல. நான் பாத்தேன். போனவங்களுக்குச் சுட்டதுக்கு எவனாவது காசு கொடுப்பானா? எழுதிக்கோங்க."

"அகா, யோசிச்சு…" என்றார் வழக்கறிஞர்.

"எழுதிக்கோ தம்பி. 'கோடு' போட்டதும் நான்தான். கோடுன்னா இல்லைன்னு அர்த்தம்."

ரிம்மா காதிரோவ்னா கண்ணாடியை மாட்டிக்கொண்டாள். அவள் குரலில் எந்த மாற்றமும் இல்லை. "மறுப்பு ரத்து. ஜன்னலை அடைக்கிற உத்தரவும் ரத்து. விண்ணப்பத்தை மறுபடி பரிசீலிக்கணும்." பக்கத்தைத் திருப்பினாள். "ஆனா வரைபடத்துல அடுப்புக்கு மேல புகைக்கூண்டு எங்க?"

மெய்ராம் குனிந்து பார்த்தான். இல்லை. ரயில்வேயின் எல்லா வரைபடத்தையும் சரிபார்க்கிறவன் அவன்.

"மறந்துட்டேன்."

"முப்பது நாள். புகைக்கூண்டு வெச்சு மறு ஆய்வு. அப்புறம், சமையல்காரர் யாரு?"

"நான்தான்," என்று பின்னாலிருந்து கூல்பாரம் எழுந்தாள்.

"விண்ணப்பதாரர் சமைக்க மாட்டாரே?"

"என் உயிர் இருக்கற வரைக்கும் மாட்டான்."

"குறிப்புல சேருங்க," என்றாள் தலைவி. "அடுத்தது."

வெளியே தாழ்வாரத்தில் துலேகென் கோட்டுப் பொத்தானைப் போட்டுக்கொண்டிருந்தார். மெய்ராம் அவர் பக்கத்தில் போய் நின்றான். நன்றி சொல்ல வேண்டும் என்று தெரிந்தது. வேறு கேள்விதான் வந்தது.

"உங்களுக்கு ஏதாவது பிரச்சினை வருமா?"

"ஒரு எச்சரிக்கைக் கடிதம் வரும். வீட்ல அஞ்சு இருக்கு." அவர் தொப்பியைப் போட்டுக்கொண்டார். "ஒண்ணு கேக்கட்டுமா? மாவுல என்ன போடறே? அன்னிக்கு சாயங்காலம் வரைக்கும் நெஞ்சுல நின்னுது."

"மாவு, பால், உப்பு."

"ஊற வெப்பியா?"

"எதுக்கு?"

துலேகென் அவனைப் பார்த்துவிட்டுத் தலையை ஆட்டிக்கொண்டே படியிறங்கிப் போனார்.

புகைக்கூண்டு டிசம்பர் முதல் வாரம் வந்தது. தகரம் வளைப்பவர் அதைச் சுவரில் ஏற்றும்போது கூல்பாரம் கீழே நின்று அவருக்கு வேலை சொன்னாள். மறு ஆய்வு எப்போது என்று அலுவலகம் சொல்லவில்லை. வெள்ளிக்கிழமை வந்தது. மெய்ராம் மாவைப் பிசைந்து துணி போட்டு மூடி, கடிகாரத்தைப் பார்த்து ஒரு மணி நேரம் வைத்தான். பிறகு தேய்த்தான். ஒவ்வொன்றையும் ஜன்னலுக்கு நேரே தூக்கிப் பிடித்துப் பார்த்தான். இரண்டில் வெளிச்சம் தெரிந்தது. ஒன்றில் ஓட்டை.

ஆறு பேர் வந்து வாங்கிக்கொண்டார்கள். ஒவ்வொருவர் முகத்தையும் பார்த்தான். பட்டாளத்துப் பையன் இல்லை. அவன் இடத்தில் ரயிலிலிருந்து இறங்கிய யாரோ, சீட்டாட்டத்தைப் பாதியில் விட்டு வந்தவர்போல, கையில் சீட்டுக் கட்டு. யார் பேரில் என்று அவர் கேட்டார். மெய்ராம் சொன்னான். இப்போது சுலபமாக வந்தது.

ஏழாவதை எடுத்தபோது ஜன்னலில் ஓர் அடையாள அட்டை நீண்டது. அட்டைக்குப் பின்னால் மீசை, மீசையில் பனி.

"இதை முதல்ல பாரு. பேர், படம், முத்திரை. பாத்தியா?"

"பாத்தேன்."

"இப்ப கொடு."

துலேகென் உறையை ஜன்னல் விளிம்பில் வைத்தார். விளிம்பு அவர் முழங்கைக்குச் சரியாக இருந்தது. கை ஏந்தினார். ரௌஷான் என்றார். சாப்பிட்டார். பிறகு கைக்குட்டையில் விரல்களை ஒவ்வொன்றாகத் துடைத்துவிட்டுப் படிவத்தை எடுத்தார். புகைக்கூண்டு: உள்ளது. புகை இழுப்பு: திருப்தி. விற்பனை: கோடு. பெற்றவர்கள் என்ற இடத்தில் தெருவைத் திரும்பிப் பார்த்து எண்ணிவிட்டு, ஏழு என்று எழுதினார்.

பண்டம் என்ற பத்தியில் பேனா நின்றது. மெய்ராம் ஜன்னல் வழியாகத் தலையை வெளியே நீட்டி எட்டிப் பார்த்தான். துலேகென் கையால் மறைத்துக்கொண்டு எழுதினார்.

"என்ன எழுதறீங்க அகா?"

"ஆய்வு நடக்கும்போது எட்டிப் பாக்கக் கூடாது."

"ஷெல்பெக்னு போட்டிருக்கீங்களா?"

அவர் கையை எடுத்தார். 'ஷெல்பெக்' என்று இருந்தது. நாக்கால் பல்லைத் துழாவிக்கொண்டு சற்று யோசித்தார். பிறகு பக்கத்தில் சுத்தமான எழுத்தில் சேர்த்தார்: 'விண்ணப்பதாரர் கூற்றுப்படி.'